வீட்டுக்குள் வரும் சின்னக் கோளாறுகள்: அறிகுறி பார்த்துச் சரிசெய்யும் முறை

ஜெராக்ஸ் மெஷின் பழுது பார்ப்பது என் தொழில். மெஷினோடு வரும் சர்வீஸ் புத்தகத்தின் கடைசியில் ஓர் அட்டவணை இருக்கும்: அறிகுறி, இருக்கக்கூடிய காரணம், செய்ய வேண்டியது. அதில் வரிசைதான் முக்கியம். பேப்பர் சிக்குகிறது என்றால் முதலில் பேப்பர் ஈரமாக இருக்கிறதா என்று பார்க்கச் சொல்லும். அப்புறம் தட்டு, அப்புறம் ரோலர். மெயின் போர்டு கடைசி வரியில்தான் வரும். வேலைக்குப் புதிதாக வரும் பையன்கள் எடுத்த எடுப்பில் போர்டைக் கழற்றுவார்கள். ஈரப் பேப்பருக்காகப் போர்டைக் கழற்றினால், இல்லாத கோளாறு ஒன்று புதிதாக வந்து சேரும்.

கணவன் மனைவிக்குள் நடப்பதும் பெரும்பாலும் இதுதான். கட்டிலில் ஈரத்துண்டு கிடக்கிறது. உடனே, "உங்களுக்கு என்மேல அக்கறையே இல்ல." போர்டைக் கழற்றியாயிற்று.

எனக்குக் கல்யாணமாகி 22 வருடம் ஆகிறது. இத்தனை வருடத்தில் நான் கற்றுக்கொண்ட வரிசை இது: முதலில் பொருளையும் இடத்தையும் உடம்பையும் பார்க்க வேண்டும். அடுத்து, சொன்ன சொல்லைப் பார்க்க வேண்டும். இரண்டிலும் பழுதில்லை என்று உறுதியான பிறகே மனசைத் தொட வேண்டும். கீழே உள்ள எல்லாம் இந்த வரிசையில்தான் போகிறது.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அடி, மிரட்டல், எங்கே போனாய் என்ற ஓயாத கண்காணிப்பு, கையில் காசே இல்லாமல் வைத்திருப்பது, இவையெல்லாம் சின்னக் கோளாறுகள் அல்ல. அவற்றுக்கு இந்த முறை பொருந்தாது. அங்கே வீட்டுக்கு வெளியிலிருந்து உதவி தேட வேண்டும், தாமதிக்காமல்.

அறிகுறி: ஈரத்துண்டு தினமும் கட்டில்மேல்

முதலில் பார்க்க வேண்டியது, துண்டு கையை விட்டு நழுவும் இடத்துக்கும் கொக்கிக்கும் எத்தனை அடி தூரம் என்பது. எங்கள் வீட்டில் கொக்கி குளியலறைக்குள் இருந்தது. நான் உடை மாற்றுவது அலமாரிப் பக்கம், கட்டிலோரம். சட்டையை எடுக்கக் கை நீளும்போது துண்டு எங்கே போகும்? பக்கத்தில் இருப்பது கட்டில்தான். இது பல வருடம் பேச்சாக ஓடியது. கடைசியில் படுக்கையறைக் கதவின் பின்புறம், அலமாரியிலிருந்து கையெட்டும் தூரத்தில் ஒரு கொக்கி அடித்தேன். இரண்டு வாரத்தில் பேச்சு நின்றுவிட்டது.

பழக்கம் இடத்தோடு கட்டுப்பட்டது. யோசித்துச் செய்கிற வேலை அல்ல அது, கை தானாகச் செய்கிறது. அதனால் ஆளுக்குப் புத்தி சொல்வதைவிட, கை போகிற இடத்துக்குக் கொக்கியை நகர்த்துவது சுலபம். சாவி, மூக்குக் கண்ணாடி, சார்ஜர், கழற்றிப் போடும் காலுறை எல்லாவற்றுக்கும் இதே மருந்துதான். ஒரு வாரம் அது எங்கே விழுகிறது என்று பாருங்கள். அங்கே ஒரு கூடையோ தட்டோ வையுங்கள்.

பற்பசைக் குழாயை நடுவில் அமுக்குவது யார் என்ற வழக்குக்கு இரண்டு குழாய் வாங்கினால் போதும்.

அறிகுறி: கூப்பிட்டால் பதில் இல்லை, அல்லது வெறும் "ம்"

எங்கிருந்து கூப்பிட்டீர்கள்? குழாயில் தண்ணீர் ஓடும்போதா? மின்விசிறி சத்தத்துக்கு நடுவிலா? இரண்டு சுவர் தாண்டியா? பேச்சில் உயிரொலிகள் பலமானவை, தூரம் போகும். ச, ஸ, த, ஃப போன்ற ஒலிகள் மெலிதானவை, அதிர்வெண் கூடியவை. தண்ணீர்ச் சத்தமும் சுவரும் முதலில் விழுங்குவது அவற்றைத்தான். அதனால் அடுத்த அறையில் இருப்பவருக்கு யாரோ பேசுவது கேட்கும், என்ன பேசினார்கள் என்பது கேட்காது. அந்த "ம்" சத்தம் வந்து சேர்ந்தது என்பதற்கான ரசீது மட்டும்தான். அதை ஒப்புதலாக எடுத்துக்கொண்டு, "சொன்னேனே, ம்னு சொன்னீங்களே" என்று மாலையில் ஆரம்பித்தால் இரண்டு பேர் சொல்வதும் உண்மையாகவே இருக்கும்.

சரிசெய்யும் முறை எளிது. பார்வைக்குள் போங்கள். பெயரையோ "என்னங்க" என்றோ மட்டும் சொல்லி நிறுத்துங்கள். முகம் திரும்பும்வரை காத்திருந்து, அப்புறம் விஷயத்தைச் சொல்லுங்கள். கேட்பவர் கையில் போன் இருந்தால், "இரு, இதை முடிச்சிட்டுக் கேக்கறேன்" என்று சொல்லிவிடுவது நல்லது. படித்துக்கொண்டே கேட்பது போலத் தோன்றும். உண்மையில் இரண்டில் ஒன்றுதான் உள்ளே போகிறது.

இவ்வளவு செய்தும் சரியாகவில்லை என்றால் காதைப் பாருங்கள். வயதோடு வரும் செவித்திறன் குறைவு கூர்மையான, மெலிந்த ஒலிகளிலிருந்துதான் தொடங்கும். மெதுவாக வருவதால் சம்பந்தப்பட்டவருக்குத் தெரியாது, கூட இருப்பவருக்குத்தான் முதலில் தெரியும். டிவி சத்தம் மாதாமாதம் ஏறுவது, கூட்டத்தில் பேச்சுப் புரியாமல் தலையாட்டுவது, "எல்லாரும் முணுமுணுன்னு பேசறாங்க" என்று குறைபட்டுக்கொள்வது ஆகியவை அடையாளங்கள். காதில் அடைத்த மெழுகாகக்கூட இருக்கலாம். "காது கேக்கலையா?" என்று சண்டையில் கேட்கிற கேள்வியை ஒருநாள் அமைதியாக, நிஜமான கேள்வியாகவே கேட்டுப் பாருங்கள். என் அண்ணன் வீட்டில் பல வருடம் அலட்சியம் என்று பெயர் பெற்றிருந்த ஒன்று, செவிப் பரிசோதனையின் வரைபடத்தில் ஒரு சரிவுக் கோடாக வந்து நின்றது. அண்ணி அந்தத் தாளைப் பார்த்து அழுதுவிட்டார்.

அறிகுறி: "அங்கதான் இருக்கு" – "இல்லவே இல்ல"

தேடுகிறவர் பொய் சொல்லவில்லை. கண் ஒரு பொருளைத் தேடும்போது மனதில் ஒரு படத்தை வைத்துக்கொண்டு தேடுகிறது. நீல மூடி தெரியும் என்று நினைத்திருக்கும்போது டப்பா திரும்பியிருந்தால், அது கண்ணுக்கு நேராக இருந்தும் கடந்து போய்விடும். 1999-இல் டேனியல் சைமன்ஸ், கிறிஸ்டோபர் சாப்ரிஸ் என்ற இரண்டு உளவியலாளர்கள் வெளியிட்ட சோதனை ஒன்று உண்டு. பந்து எத்தனை முறை கைமாறுகிறது என்று எண்ணச் சொல்லி ஒரு காட்சியைக் காட்டினார்கள். நடுவில் கொரில்லா வேஷம் போட்ட ஒருவர் நடந்து போனார். பார்த்தவர்களில் ஏறக்குறைய பாதிப் பேர் அவரைக் கவனிக்கவில்லை.

தேடுகிறவருக்கு: கண்ணால் தேடாமல் இடமிருந்து வலமாக ஒவ்வொன்றையும் கையால் தொட்டுக்கொண்டு போங்கள். வைத்தவருக்கு: "அங்க" என்பது முகவரி ஆகாது. எந்தத் தட்டு, எதற்குப் பின்னால் என்று சொல்லுங்கள். ஒரு பொருளின் இடத்தை மாற்றினால் அன்றைக்கே சொல்லிவிடுங்கள்.

அறிகுறி: குறட்டை

இதில் கொஞ்சம் நிற்க வேண்டும். வீட்டில் அதிகம் சிரிக்கப்படும் கோளாறு இதுதான், உண்மையிலேயே உயிரோடு சம்பந்தப்படக்கூடியதும் இதுதான்.

தூக்கத்தில் தொண்டைத் தசைகள் தளர்கின்றன. மல்லாந்து படுத்தால் நாக்கும் மேல்வாயின் பின்பகுதியும் பின்னால் சரிந்து காற்றுப் பாதை குறுகுகிறது. அந்தச் சந்தில் காற்று போகும்போது சதை அதிர்கிறது. மது, சில தூக்க மாத்திரைகள், மூக்கடைப்பு, கழுத்தைச் சுற்றிய எடை ஆகியவை சத்தத்தைக் கூட்டும். குறட்டை விடுபவர் வேண்டுமென்று செய்ய வழியே இல்லை, அவர் அந்த நேரத்தில் அங்கே இல்லை. அதே சமயம், விழித்துக் கிடப்பவரின் எரிச்சலும் நியாயமானது. தூக்கமில்லாத ஆளிடம் பொறுமையை எதிர்பார்க்க முடியாது. மறுநாள் காலைச் சண்டைகள் பலவற்றின் வேர் முந்தின இரவில்தான் இருக்கிறது.

பக்கவாட்டில் படுத்தால் குறைகிறதா என்று முதலில் பாருங்கள். மூக்கடைப்பு இருந்தால் அதைச் சரிசெய்யுங்கள். அடுத்தவருக்குக் காது அடைப்பான். அதுவும் போதாவிட்டால் வேறு அறையில் படுப்பது. என் மனைவி ஒரு மாதம் அடுத்த அறையில் படுத்தபோது, கோபம் என்று நினைத்து நானும் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டேன். அவளுக்குக் கோபமே இல்லை, தூக்கம் வேண்டியிருந்தது. தூங்கி எழுந்து வந்தபோது பழைய கலகலப்போடு வந்தாள்.

இப்போது முக்கியமான பகுதி. குறட்டை நடுவில் திடீரென்று நின்று, சில வினாடி மூச்சே இல்லாமல், பிறகு திணறலோடு மறுபடி தொடங்குகிறதா? பகலில் உட்கார்ந்த இடத்தில் தூங்கி விழுகிறாரா? காலையில் தலைவலி, கட்டுப்படாத ரத்த அழுத்தம் உண்டா? இது மூச்சுத்தடையோடு கூடிய தூக்க நோயாக இருக்கலாம். இதற்கு ஒரே சாட்சி பக்கத்தில் படுத்திருப்பவர்தான், நோயாளிக்கு எதுவும் தெரியாது. போனில் இரண்டு நிமிடம் பதிவு செய்து மருத்துவரிடம் காட்டுங்கள். தூக்கப் பரிசோதனை எழுதித் தருவார். 1981-இல் ஆஸ்திரேலியாவில் காலின் சல்லிவனும் அவரோடு இருந்தவர்களும் மூக்கு வழியாகத் தொடர்ந்து காற்றழுத்தம் கொடுத்து இந்தத் தடையை நீக்கிக் காட்டினார்கள். அந்த வழியில் வந்த முகமூடிக் கருவிதான் இன்றைக்கும் முதன்மையான சிகிச்சைகளில் ஒன்று. கேலி செய்து விட்டுவிடாதீர்கள். அந்தப் பதிவு அவருடைய இதயத்தைக் காப்பாற்றலாம்.

அறிகுறி: ஒருவருக்குக் குளிர், ஒருவருக்குப் புழுக்கம்

உடம்பு உடம்புக்கு வித்தியாசம். தசை அதிகமுள்ள உடம்பு ஓய்விலும் அதிக வெப்பம் உண்டாக்கும். மாதவிடாய் நிற்கும் பருவத்தில் பெண்களுக்கு நடுராத்திரியில் தீப்பிடித்தது போல உடம்பு கொதிக்கும். அலுவலகக் கட்டடங்களின் குளிர் அளவைக் கணக்கிடும் முறையே 40 வயது, 70 கிலோ எடையுள்ள ஆணின் உடல் வெப்பத்தை வைத்து வகுக்கப்பட்டது என்று 2015-இல் இரண்டு டச்சு ஆய்வாளர்கள் சுட்டிக்காட்டினார்கள். ஆக, "இதெல்லாம் ஒரு குளிரா?" என்ற கேள்விக்கு அர்த்தமில்லை. குளிர்கிறவர் ஒரு போர்வை கூடப் போர்த்திக்கொள்ளலாம், புழுங்குகிறவர் தோலைக் கழற்ற முடியாது. அதனால் அறையைப் புழுங்குகிறவருக்குச் சாதகமாக வைத்துவிட்டு, இரண்டு தனித்தனிப் போர்வை. ஒரே போர்வை என்பதை விட்டுவிடுங்கள்.

அறிகுறி: "கிளம்பிட்டியா?" – "அஞ்சே நிமிஷம்"

கோளாறு சொல்லில் இருக்கிறது. ஒருவருக்குக் கிளம்புவது என்றால் தயாராக ஆரம்பிப்பது. இன்னொருவருக்கு வண்டி நகர்வது. நடுவில் முக்கால் மணி நேரம். நேரத்தைச் சொல்லும்போது கடைசிச் செயலைச் சொல்லுங்கள்: "ஆறரைக்கு வீட்டைப் பூட்டணும்." இன்னொன்றையும் பாருங்கள். வாசலில் செருப்பு மாட்டிக்கொண்டு காத்திருப்பவர் தன் ஒருவரின் உடுப்பை மட்டும் முடித்திருக்கலாம். உள்ளே இருப்பவர் ஜன்னல் சாத்துவது, அடுப்பைப் பார்ப்பது, பிள்ளைகளின் பை, தண்ணீர்ப் பாட்டில் எல்லாவற்றையும் செய்துகொண்டிருக்கலாம். அப்படியென்றால் தாமதம் அவருடையது அல்ல. உள்ளே போய் இரண்டு ஜன்னலைச் சாத்துங்கள்.

அறிகுறி: "இந்த வீட்ல எல்லாத்தையும் நான்தான் செய்யறேன்", இரண்டு பேரும்

மைக்கேல் ராஸ், ஃபியோரே சிகோலி என்ற ஆய்வாளர்கள் 1979-இல் வெளியிட்ட ஆய்வில், வீட்டு வேலைகளில் உங்கள் பங்கு எவ்வளவு என்று தம்பதிகளைத் தனித்தனியாகக் கேட்டார்கள். பெரும்பாலான வேலைகளில் இருவர் சொன்னதையும் கூட்டினால் முழுமையைவிடக் கூடுதலாக வந்தது. யாரும் பொய் சொல்லவில்லை. நாம் செய்தது நமக்கு நினைவிருக்கிறது, அடுத்தவர் செய்தது நாம் பார்க்காதபோது நடந்தது. அவ்வளவுதான்.

ஆனால் இதை மட்டும் சொல்லி விட்டுவிட்டால் அநியாயமாகிவிடும். பல வீடுகளில் பங்கு நிஜமாகவே ஏறுமாறாக இருக்கிறது. கண்ணுக்குத் தெரியாத ஒரு வேலை பெரும்பாலும் மனைவி தலையில் இருக்கும்: நினைவில் வைத்திருக்கும் வேலை. சோப்பு தீரப்போகிறது, பிள்ளைக்குத் தடுப்பூசி நாள் வருகிறது, மாமியாரின் மாத்திரை இன்னும் நாலு நாளைக்குத்தான் வரும். "சொல்லியிருந்தா செஞ்சிருப்பேனே" என்று கணவன் மனதாரத்தான் சொல்கிறான். ஆனால் சொல்ல வேண்டியிருப்பதே ஒரு வேலை.

ஒரு தாளை எடுத்து இருவரும் உட்கார்ந்து எல்லா வேலையையும் எழுதுங்கள், நினைவில் வைத்திருப்பதையும் சேர்த்து. நாங்கள் எழுதியபோது தாளின் பின்பக்கமும் நிறைந்தது. அப்புறம் பாதிப் பாதியாகப் பிரிக்காதீர்கள், முழுதாகக் கைமாற்றுங்கள். துணி துவைப்பது உங்களுடையது என்றால் அழுக்குக்கூடை நிறைந்ததைக் கவனிப்பதிலிருந்து மடித்து அலமாரியில் வைப்பது வரை உங்களுடையது. கைமாற்றிக் கொடுத்தவருக்கும் ஒரு கடமை உண்டு. மடித்த துணியைப் பிரித்து மறுபடி மடிக்கக் கூடாது. உங்கள் மடிப்பு அழகானதுதான். ஆனால் ஒருமுறை பிரித்தீர்கள் என்றால் அந்த வேலை உங்களிடமே திரும்பி வந்துவிடும்.

அறிகுறி: "என்ன ஆச்சு?" – "ஒண்ணுமில்ல"

எலிசபெத் நியூட்டன் என்ற மாணவி 1990-இல் ஸ்டான்ஃபோர்டில் தன் முனைவர் பட்டத்துக்காக ஒரு சோதனை செய்தார். ஒருவர் தெரிந்த பாட்டின் தாளத்தை மேசையில் விரலால் தட்ட வேண்டும், எதிரில் இருப்பவர் அது என்ன பாட்டு என்று கண்டுபிடிக்க வேண்டும். தட்டியவர்கள் பாதிப் பாட்டாவது கண்டுபிடிக்கப்படும் என்று நம்பினார்கள். 120 பாட்டில் கண்டுபிடிக்கப்பட்டவை 3. தட்டுகிறவர் மனதுக்குள் பாட்டு முழுசாக ஓடுகிறது. எதிரில் இருப்பவருக்குக் கேட்பது டக் டக் மட்டும்.

பாத்திரத்தைக் கொஞ்சம் அழுத்தி வைப்பது, கதவைச் சற்று வேகமாகச் சாத்துவது, "ஒண்ணுமில்ல" என்பது எல்லாம் அந்த டக் டக்தான். இத்தனை வருடம் கூட வாழ்ந்தவருக்கு இதுகூடவா புரியாது என்று தோன்றும். நெருக்கம் கூடக்கூட, புரிந்திருக்கும் என்ற நம்பிக்கை புரிதலைவிட வேகமாக வளர்கிறது.

மனக்குறை உள்ளவர் பாட்டை வாய்விட்டுச் சொல்ல வேண்டும், இரண்டே வரியில்: என்ன நடந்தது, எனக்கு என்ன வேண்டும். "நேத்து எல்லாரும் இருக்கும்போது என் பேச்சை நடுவுல நிறுத்தினீங்க. அடுத்த தடவை முடிக்க விடுங்க." கேட்பவர் ஐந்து முறை "என்ன, என்ன" என்று குடைய வேண்டாம். "இப்போ பேசலாமா, ராத்திரி பேசலாமா?" என்று ஒருமுறை கேட்டால் போதும்.

அறிகுறி: பேச்சு நின்றுபோன வீடு

தமிழில் பிணக்குக்கே படிகள் வைத்திருக்கிறார்கள். புலவி இளசு, ஊடல் அதற்கு அடுத்தது, துனி முற்றிய சண்டை. எந்தப் படியில் நிற்கிறோம் என்று தெரிந்தால் பாதி வேலை முடிந்தது.

தம்பதிகளின் பேச்சைப் பல ஆண்டுகள் ஆராய்ந்த ஜான் காட்மன் சொல்லும் ஒரு விஷயம் எனக்கு மிகவும் உதவியது. சண்டையில் இதயத்துடிப்பு நிமிடத்துக்கு 100-ஐத் தாண்டிவிட்டால், அந்த நேரத்தில் சொல்வது காதில் ஏறாது. உடம்பு ஆற குறைந்தது 20 நிமிடம் வேண்டும். அதனால் விலகுவது தப்பில்லை. திரும்பி வரும் நேரத்தைச் சொல்லாமல் விலகுவதுதான் தப்பு. "எனக்குக் கொஞ்ச நேரம் வேணும், எட்டு மணிக்குப் பேசலாம்." இதைச் சொல்லிவிட்டு எட்டு மணிக்கு நிஜமாகவே வந்து உட்கார வேண்டும். சொல்லாமல் போனால், பின்னால் இருப்பவருக்கு அது கதவடைப்பாகத்தான் தெரியும்.

அறிகுறி: எல்லாம் செய்தும் அதே சண்டை திரும்ப வருகிறது

காட்மனின் கணக்குப்படி தம்பதிகளின் கருத்து வேறுபாடுகளில் 69 சதவீதம் தீராதவை. சுபாவத்திலிருந்தும் வளர்ந்த விதத்திலிருந்தும் வருகிறவை. மெஷினிலும் இப்படிச் சில உண்டு. பாகத்தை மாற்ற முடியாது, மாதம் ஒருமுறை துடைத்து எண்ணெய் விட்டு ஓட்ட வேண்டும். இந்த வகைக் கோளாறில் கேட்க வேண்டிய கேள்வி "எப்போ மாறுவ?" என்பது அல்ல, "இது உனக்கு ஏன் வேணும்?" என்பது.

எங்கள் வீட்டில் அது நடைவழி விளக்கு. படுக்கப் போகும்போது நான் எல்லா விளக்கையும் அணைப்பேன். நடுராத்திரி எழுந்தால் நடைவழி விளக்கு எரியும். மறுபடி அணைப்பேன். காலையில் மின்சாரம் வீணாவதைப் பற்றி ஒரு பேச்சு. இப்படி 14 வருடம். ஒருநாள் குற்றமாக இல்லாமல் கேள்வியாகவே கேட்டேன். அவளுக்கு எட்டு வயது இருக்கும்போது, பாட்டி இருட்டில் தண்ணீர் குடிக்க எழுந்து படியில் தவறி விழுந்தார். விடியும்வரை யாருக்கும் தெரியவில்லை. முதலில் பார்த்தது இவள்தான்.

அன்று மாலை அந்தப் பல்பைக் கழற்றி அதன் அடியில் எழுதியிருந்ததைப் படித்தேன். 9 வாட். இரவு 10 மணி நேரம் எரிந்தால் மாதத்துக்கு 2.7 யூனிட். துடைத்துத் திரும்ப மாட்டினேன். இப்போது படுக்கப் போகும்போது அந்த விளக்கைப் போடுவது என் வேலை.